காலண்டரில் இருக்கிற கை

11.2.2008, திங்கள்

மாடி அறைக்கு வாடகைக்கு வந்திருக்கும் அக்கா கேமராவில் பார்க்கும்போது மற்றக் கண்ணை மூடுவதில்லை.

நான் முதலில் கவனித்தது இதைத்தான். சுனாமிக்குப் பிறகு எங்கள் பட்டினச்சேரிக்கு வந்த கேமராக்காரர்கள் எல்லோருமே ஒரு கண்ணை இறுக்கி மூடிக்கொண்டுதான் பார்த்தார்கள், குறி வைப்பதுபோல. இந்த அக்கா ஒரு கண்ணைக் கேமராவில் வைக்கிறார், இன்னொன்றைத் திறந்தே வைத்திருக்கிறார். அந்தக் கண் எதைப் பார்க்கிறது?

பெயர் இளவேனில். பாண்டியிலிருந்து வந்திருக்கிறார், மூன்று வாரம் இருப்பார் என்று வீட்டுக்கார ஆரிபா அக்கா சொன்னார். ஆரிபா அக்கா வீட்டில் நான் தைக்கும் அறை முற்றத்தைப் பார்த்த அறை. மெஷினில் உட்கார்ந்தால் கிணறு, துணிக்கொடி, மாடிப்படி எல்லாம் தெரியும். இன்று காலை முழுக்க இளவேனில் அக்கா மூன்று கால் ஸ்டாண்டில் கேமராவை நிறுத்தி, கொடியில் காய்ந்துகொண்டிருந்த ஒரு நைட்டியைப் பார்த்துக்கொண்டே இருந்தார். ஆரிபா அக்காவுக்கு நான் தைத்துக் கொடுத்த நைட்டி. காற்று வந்தால் உப்பும், பிறகு அடங்கும். அவ்வளவுதான். பார்க்கப் பார்க்க எனக்கே அது மூச்சு விடுவதுபோல இருந்தது. இரண்டு இடத்தில் கோணலாகத் தைத்துவிட்டேன்.

என்னைப் பார்த்துச் சிரித்தார். நான் குனிந்து ஊசியில் நூல் கோக்கப் போனேன். ஊசியில் ஏற்கெனவே நூல் இருந்தது.

13.2.2008, புதன்

என்ன படம் என்று இன்று தெரிந்துவிட்டது. கதை கிடையாது, பாட்டு கிடையாது. ஓர் ஆள் கேமராவுக்கு நேராக நின்று மூன்று நிமிஷம் அதையே பார்க்க வேண்டும். பேசக் கூடாது. அப்படிப் பல பேரை எடுத்து, ஆள் உயரத் திரையில் ஒருவர் பின் ஒருவராகக் காட்டுவாராம். நாம் படத்தைப் பார்ப்போம், படம் நம்மைப் பார்க்கும்.

மதியம் கேமராவிலிருந்து ஓர் ஒயரை ஆரிபா அக்காவின் டிவியில் செருகிக் காட்டினார். முதலில் அவரே வந்தார். அதற்கே எனக்கு உடம்பு கூசியது. அடுத்து ஐஸ் கம்பெனி இளையபெருமாள் மாமா. தெருவே அதிரக் கத்துகிற மனிதர், டிவிக்குள் சும்மா நின்றுகொண்டு எங்களைப் பார்த்தார்.

ஆரிபா அக்கா முக்காட்டை இழுத்துப் போட்டுக்கொண்டு கதவுக்குப் பின்னால் போய்விட்டார்.

"அந்த மனுசரு எப்ப போவாரு?" என்று அங்கிருந்தே கேட்டார்.

"அக்கா, அது டேப்பு" என்றார் இளவேனில் அக்கா.

"எனக்குத் தெரியும். ஆனா பாக்குறாருல்ல?"

"சீரியல்ல தெனம் எத்தனை ஆம்பிளைங்க வர்றாங்க?"

"அவன்லாம் என்னையவா பாக்குறான்? அவன் பொண்டாட்டியப் பாக்குறான்."

சிரிப்பு வந்துவிட்டது எனக்கு. உடனே நின்றும்விட்டது, ஏனென்றால் நானும் துப்பட்டாவை இழுத்துவிட்டுக்கொண்டு நிமிர்ந்து உட்கார்ந்திருந்தேன். எப்போது அப்படி உட்கார்ந்தேன் என்றே தெரியவில்லை.

இரண்டாவது நிமிஷத்தில் மாமாவின் தாடை லேசாக ஆடியது. அவருக்குள் யாரோ வந்துவிட்டுப் போனதுபோல. கத்திப் பேசுகிற நேரத்தில் அதை யார் பார்த்திருப்பார்கள்? எவ்வளவு பெரிய முகம் அது. தினமும் தெருவில் கடந்து போகிறேன்.

14.2.2008, வியாழன்

கேமரா என்றால் நான் ஏன் ஒதுங்கிப்போகிறேன் என்று எழுதிவிடுகிறேன். யாரிடமும் சொன்னதில்லை.

அலை வந்த மூன்றாம் நாள். பள்ளிக்கூடத்தில் எங்களைத் தங்க வைத்திருந்தார்கள். எனக்குப் பதின்மூன்று வயது. யாரோ கொடுத்த ஆம்பிளைச் சட்டை, முட்டிவரை. உள்ளே வேறு எதுவும் இல்லை. ஒருவர் பெஞ்சின் மேல் ஏறி நின்று கேமராவை என் பக்கம் திருப்பினார். எனக்கு அப்படியே செத்துவிடலாம்போல இருந்தது. கையை நீட்டி, உள்ளங்கையை அவருக்குக் காட்டி, எடுக்காதீங்க என்றேன். எடுத்துவிட்டார்.

அடுத்த வருஷக் காலண்டரில் அது வந்தது. உதவி செய்ய வந்தவர்கள் போட்ட காலண்டர். அவர் மேலே நின்றார், நான் கீழே நின்றேன். அதனால் படத்தில் என் கை வானத்தைப் பார்க்க ஏந்தின மாதிரி இருக்கிறது. வாயும் திறந்திருக்கிறது. கீழே 'பசித்த கை' என்று அச்சடித்திருந்தார்கள்.

டீக்கடை, ரேஷன் கடை, பள்ளிக்கூடத்தில் பெரிய டீச்சர் அறை – எல்லா இடத்திலும் நான் தொங்கினேன். வகுப்பில் நுழைந்தால் நாலு கை நீளும். "காலண்டர் வந்துட்டா, சோறு போடுங்கடா." ஒன்பதாவது பாதியில் நின்றுவிட்டேன். படிப்பு ஏறவில்லை என்று அம்மாவிடம் சொன்னேன்.

அம்மாவுக்கு அந்தப் படம் என்றால் உயிர். நான் கை நீட்டியதால்தான் ஜனங்கள் மனசு இரங்கி நமக்கு வீடு வந்தது என்று மீன் வாங்குகிறவர்களிடமெல்லாம் சொல்வாள். வருஷம் முடிந்ததும் தேதிகளை வெட்டிவிட்டு, படத்தை மட்டும் அட்டையில் ஒட்டி, சாமி படத்துக்குப் பக்கத்தில் மாட்டிவிட்டாள். தினமும் சாப்பிட உட்கார்ந்தால் எதிரே நான், கையை நீட்டிக்கொண்டு.

அவள் சந்தோஷத்தை எப்படிக் கெடுப்பேன்?

16.2.2008, சனி

இளவேனில் அக்கா திரை தைக்கக் கேட்டார். வெள்ளைக் காடாத் துணியில் ஒரு பெரிய திரை, ஜன்னல்களை மூடக் கறுப்புத் துணி. அளவு எடுக்க மாடிக்குப் போனபோது, பார்க்கிறாயா என்று கேமராவைக் காட்டினார்.

கண் வைக்கும் இடத்தில் ரப்பர். உள்ளே சின்னதாக முற்றம், கிணறு. எல்லாம் கழுவிவிட்ட மாதிரி. நான் மற்றக் கண்ணை மூடிக்கொண்டேன்.

"மூடாத" என்றார்.

"ஏங்க்கா?"

"ஒண்ணு படத்தைப் பாக்கும். இன்னொண்ணு ஆளைப் பாக்கணும். அவங்களுக்குப் போதும்னா நாம நிறுத்தணும்ல?"

அவரிடம் இன்னொரு பழக்கம் இருக்கிறதாம். யாரை எடுத்தாலும் அவருக்கு உடனே போட்டுக் காட்டுவார். அவர் வேண்டாம் என்றால் அதே டேப்பில் அதன் மேலேயே வேறு எடுத்துவிடுவார். பழையது போய்விடும்.

அவர் கீழே போன பிறகும் நான் பார்த்துக்கொண்டிருந்தேன். ஆரிபா அக்கா கிணற்றடிக்கு வந்தார். வாளியில் தண்ணீர் நிரப்பினார். யாரும் இல்லை என்று நினைத்து, குனிந்து தண்ணீரில் தன் முகத்தைப் பார்த்து, ஈயென்று பல்லைக் காட்டினார். பிறகு வாயை மூடிக்கொண்டு கொஞ்ச நேரம் அப்படியே நின்றார். அவருடைய வீட்டுக்காரர் ஜெகபர் சாதிக் சவூதியிலிருந்து வந்து போய் இரண்டு வருஷம் ஆகிறது.

என்னால் கண்ணை எடுக்க முடியவில்லை. அவ்வளவு அழகாக இருந்தார். அப்புறம்தான் உறைத்தது. இப்போது பெஞ்சின் மேல் நிற்பது நான்.

கீழே போனதும் ஆரிபா அக்கா டீ கொடுத்தார். முகத்தைப் பார்த்து வாங்க முடியவில்லை.

18.2.2008, திங்கள்

திரைக்கு இரண்டு அகலத் துணியை இணைக்க வேண்டும். இணைப்பு யார் முகத்திலும் விழக் கூடாது. கழுத்துக்குக் கீழே வரும்படி வெட்டினேன். யார் உயரத்துக்கு? அம்மா உயரத்துக்கு.

21.2.2008, வியாழன்

மாசி மகம். மீனவப் பெண்ணைக் கட்டிய பெருமாள் எங்கள் கடற்கரைக்கு வந்தார். மாப்பிள்ளை வந்துட்டாரு, மாப்பிள்ளை வந்துட்டாரு என்று சேரியே கரையில். இளவேனில் அக்கா கேமராவைப் பையிலிருந்து எடுக்கவே இல்லை. கூட்டத்தில் என் கையைப் பிடித்துக்கொண்டு நின்றார்.

பெருமாள் கண் சிமிட்டாமல் எல்லோரையும் பார்த்தார். யாரும் கூசவில்லை. அழுதார்கள், மாப்பிள்ளை என்று உரிமையோடு கூப்பிட்டார்கள். நானும் நிமிர்ந்து பார்த்தேன். அவருக்கு முன்னால் மட்டும் எப்படி முடிகிறது?

24.2.2008, ஞாயிறு

இன்று எங்கள் சேரியில் எடுத்தார்கள். நாட்டார் பஞ்சாயத்தில் போய்ச் சொன்னோம். தலைவர் நடராசன் பெரியப்பா சரி என்றார். கோயில் மைக்கில் அறிவித்தார்கள் – படம் எடுக்கிறார்கள், எல்லோரும் வலைக்கூடத்துக்கு வரவும் என்று.

எல்லோரும் வந்தார்கள். குளித்து, பவுடர் போட்டு. ஒவ்வொருவர் கையிலும் பிளாஸ்டிக் உறை போட்ட ரேஷன் கார்டு. வரிசையாக நின்று, முறை வந்ததும் கார்டை நெஞ்சுக்கு நேராகப் பிடித்துக்கொண்டார்கள்.

இளவேனில் அக்காவுக்குப் புரியவில்லை. என்னைப் பார்த்தார். அலைக்குப் பிறகு எங்களை அப்படித்தான் எடுத்தார்கள் என்று சொன்னேன். கார்டோடு படம் இருந்தால்தான் பட்டியலில் பெயர். கேமரா என்றால் எங்கள் கை தானாகக் கார்டைத் தேடும்.

இது நிவாரணம் இல்லை, ஒன்றும் கிடைக்காது என்று அக்கா எல்லோருக்கும் கேட்கும்படி சொன்னார். பாதிப் பேர் வீட்டுக்குப் போனார்கள். மீதிப் பேர் நகரவில்லை.

"பரவால்லங்க, எடுத்து வச்சிக்கங்க" என்றார் பெரியப்பா. "எப்பயாச்சும் எதுனா வரும்."

கார்டைக் கீழே வைக்கச் சொன்னார் அக்கா. வைத்தார்கள். ஆனால் கையை என்ன செய்வதென்று யாருக்கும் தெரியவில்லை. ஒருவர் பின்னால் கட்டினார், ஒருவர் வேட்டியைப் பிடித்தார். பூங்கொடி அத்தை, "கையக் கழட்டி வச்சிட்டு வரட்டுமா?" என்று கேட்டாள். கடைசியில் அக்காவே, கார்டைப் பிடிச்சிக்கிறவங்க பிடிச்சிக்கங்க என்று விட்டுவிட்டார்.

அம்மா மட்டும் வலைக்கூடத்தில் நிற்க மாட்டேன் என்றாள். "எங்க வூட்டுக்கு வாங்க. நா எம் பொண்ணு பக்கத்துலதான் நிப்பேன்." நான் என்னைச் சொல்கிறாள் என்று நினைத்தேன். வீட்டுக்குப் போனதும் போய் அந்தப் படத்துக்குப் பக்கத்தில் நின்றாள்.

இளவேனில் அக்கா படத்தைப் பார்த்தார். பிறகு என்னைப் பார்த்தார். இது நீயா என்று மெதுவாகக் கேட்டார்.

"அவதான்" என்றாள் அம்மா. "சோறு கேட்டுக் கை நீட்டுனா பாருங்க, அந்தப் படம் சிங்கப்பூரு வரைக்கும் போச்சு."

நான் வாசலைப் பார்த்துக்கொண்டு நின்றேன். ஒரு நிமிஷம் போயிருக்கும். அக்கா நகர்ந்து, என்னைக் கேமராவில் பார்க்கச் சொன்னார். பார்த்தேன். இரண்டு கண்ணும் திறந்து.

அம்மாவின் இடது கண் வலதைவிடக் கொஞ்சம் சின்னது. பதினாறு வருஷமாக எனக்குத் தெரியாது. முதலில் மீன் விலை பேசுகிற பார்வை. அப்புறம் அது தளர்ந்து, ரொம்ப தூரம் நடந்து வந்து கூடையை இறக்கி வைத்தவள்போல ஆனாள். இவ்வளவு பெரிய ஆளோடா ஒரே வீட்டில் இருக்கிறேன்? கண்ணீர் வந்துவிட்டது. ஆனால் அவள் தோளுக்குப் பக்கத்தில் அந்தச் சட்டைக்காரி. இரண்டு பேரும் என்னைப் பார்த்தார்கள்.

அம்மாவுக்குப் போட்டுக் காட்டினார். நல்லாருக்கு, வச்சிக்கங்க என்றாள்.

25.2.2008, திங்கள்

ஞாயிற்றுக்கிழமை வலைக்கூடத்தில் என் திரையைக் கட்டி எல்லோருக்கும் காட்டப்போகிறார்கள். ஆள் உயரத்தில். அதில் அந்தக் கையும் வரும்.

மாடிக்குப் போய், அம்மாவை எடுத்ததை அழித்துவிடுங்கள் என்று கேட்டேன். அக்காவிடம் நானாகப் போய்க் கேட்ட முதல் விஷயம் அது.

அது உங்கம்மாவோட மூணு நிமிஷம், அவங்கதான் சொல்லணும் என்றார்.

"அதுல நானும் இருக்கேனே."

அக்கா டேப்பைக் கையில் எடுத்துப் பார்த்துவிட்டு, "ஆமா, இருக்க. இப்பிடி ஒண்ணு வரும்னு நான் யோசிக்கல தமிழு" என்றார். ஏன் என்று கேட்டார். சொல்லவில்லை. அம்மாவுக்குத் தெரியாததை இவருக்கு முதலில் சொல்வதா? அவருக்கும் சோறு இறங்கவில்லை என்று ஆரிபா அக்கா பிறகு சொன்னார்.

26.2.2008, செவ்வாய்

சொல்ல வாய் வரவில்லை. அம்மா மத்தி விற்கப் பக்கத்து ஊர் போலகத்துக்குப் போய்விட்டாள்.

27.2.2008, புதன்

சொல்லிவிட்டேன்.

சாயங்காலம் அம்மா வாசலில் குந்தி மீன் கூடையைத் தேய்த்துக்கொண்டிருந்தாள். நான் படியில் நின்றேன்.

"அம்மா, நா சோறு கேக்கல."

"யாரு கேட்டா இப்ப?"

"படத்துல. எடுக்காதீங்கன்னு கையக் காட்டுனேன். உள்ளாற ஒண்ணும் போடல, வெறும் சட்ட. அவரு பெஞ்சு மேல நின்னாரு. அதான் அப்பிடித் தெரியுது. நா சோறு கேக்கலம்மா."

தேய்ப்பதை நிறுத்தவில்லை. காதில் விழவில்லையோ என்று நினைத்தேன். பிறகு கூடையைத் தள்ளிவைத்தாள். உட்கார்ந்தபடியே என்னை நிமிர்ந்து பார்த்து, ஈரக் கையைத் தூக்கினாள். உள்ளங்கை என் பக்கம், வேண்டாம் என்பதுபோல. செய்து பார்க்கிறாள் என்று அப்போதுதான் புரிந்தது.

படியிலிருந்து நான் பார்த்தேன். ஏந்தின கை. அப்படியே அதுதான். விரலிலிருந்து தண்ணீர் சொட்டியது.

என் முகத்தைப் பார்த்தே அவளுக்குத் தெரிந்துவிட்டது. கையை மடியில் வைத்துக்கொண்டாள்.

"சாமி பக்கத்துல மாட்டி வச்சிருக்கேனேடி" என்றாள்.

ராத்திரி குழம்பை எனக்கு இரண்டு தரம் ஊற்றினாள்.

28.2.2008, வியாழன்

காலையில் எழுந்தபோது சுவரில் படம் இல்லை. அது இருந்த இடத்தில் மட்டும் சுண்ணாம்பு வெளுப்பாக, சதுரமாக இருக்கிறது. எங்கே வைத்தாள் என்று கேட்கவில்லை.

அம்மா இன்று கூடை தூக்கவில்லை. என்னோடு ஆரிபா அக்கா வீட்டுக்கு வந்தாள். மாடிப்படியின் கீழே நின்று, "பாப்பா, ஞாயித்துக்கெழம எடுத்தத அழிச்சிட்டு மறுபடி எடுங்க" என்றாள். இளவேனில் அக்கா ஏன் என்று கேட்காமல் செருப்பைப் போட்டுக்கொண்டு வந்தார்.

அதே சுவர், அதே டேப். பழையதன் மேலேயே புதியது. பின்னால் வெளுத்த சதுரம். இந்தத் தடவை நான் நகரவில்லை, மூன்று நிமிஷமும் கேமராவுக்குப் பக்கத்திலேயே நின்றேன். அம்மா கேமராவைப் பார்த்தாளா, என்னைப் பார்த்தாளா, தெரியவில்லை.

வெளியே வந்தபோது பூங்கொடி அத்தை எட்டிப் பார்த்து, எங்க அந்தப் படம் என்று கேட்டாள். அம்மா தெருவுக்கே கேட்கும்படி சொன்னாள்.

"எம் பொண்ணுக்குப் புடிக்கல. கழட்டிட்டேன்."

2.3.2008, ஞாயிறு

மதியம் வலைக்கூடத்தில் ஜன்னல்களில் என் கறுப்புத் துணியைக் கட்டினோம். வெயில் வெளியே நின்றுவிட்டது. புரொஜெக்டரைப் போட்டதும் என் காடாத் துணியில் பெரியப்பா வந்து நின்றார், கார்டோடு.

முதலில் ஒரே கூத்து. கண்ண சிமிட்டிட்டாரு, அவுட்டு, என்று ஒருவர் கத்தினார். அரை நிமிஷம்தான். அப்புறம் சத்தம் ஒவ்வொன்றாகக் குறைந்தது. பெரியப்பா திரையிலிருந்து பார்த்துக்கொண்டே இருந்தார். முன்வரிசையில் கைலியை மடித்துக் கட்டிக்கொண்டு நின்ற ஒருவர் மடிப்பை மெதுவாக அவிழ்த்துக் கீழே விட்டார். பக்கத்தில் இருந்தவரும். அடுத்தவரும். பெரியப்பா நேரில் அதே கூடத்தில் நாற்காலியில் உட்கார்ந்திருந்தார், வெற்றிலை மென்றுகொண்டு. அவருக்கு இறக்காத கைலியைத் துணிக்கு இறக்கினார்கள்.

இளையபெருமாள் மாமா வந்தபோது ஆரிபா அக்கா தூணுக்குப் பின்னால் போய்விட்டார். மாமா நேரில் நாலடி தள்ளித்தான் உட்கார்ந்திருந்தார். அவரைப் பார்த்து மறையவில்லை.

இணைப்பு யார் முகத்திலும் விழவில்லை. எல்லோருடைய கார்டிலும் விழுந்தது.

அம்மா கடைசியில் வந்தாள். கார்டு இல்லை. கை சும்மா தொங்கியது. பின்னால் சதுரம். அங்கே என்ன இருந்தது என்று அங்கே இருந்த எல்லோருக்கும் தெரியும். நான் தலை குனியவில்லை. திரையில் இருந்த அம்மா மூன்றாம் நிமிஷத்தில் முந்தானையைச் சரிசெய்தாள். என் பக்கத்தில் உட்கார்ந்திருந்த அம்மாவும் அதே நேரத்தில் முந்தானையைச் சரிசெய்தாள்.

3.3.2008, திங்கள்

இளவேனில் அக்கா மூட்டை கட்டிவிட்டார். மதியம் பாண்டி பஸ். இத்தனை நாளில் ஒரு தடவைகூட, நீ நிக்கிறியா என்று என்னிடம் கேட்கவில்லை.

மெஷினை நிறுத்திவிட்டு மாடிக்குப் போனேன். டேப் மீதி இருக்கிறதா என்று கேட்டேன். கொஞ்சம் இருக்கிறது என்றார்.

முற்றத்துக்கு இறங்கி வந்து துணிக்கொடிக்கு முன்னால் நின்றேன். ஸ்டாண்டின் காலைக் குறைத்து, கேமராவை என் உயரத்துக்கு இறக்கினார். சிவப்பு விளக்கு எரிந்தது. ஆரிபா அக்கா தைக்கிற அறை ஜன்னலிலிருந்து பார்த்துக்கொண்டிருந்தார்.

முதலில் ஒன்றும் தெரியவில்லை, கண்ணாடி மட்டும் கறுப்பாக. உள்ளே ரொம்பச் சின்னதாக நான். பிறகு கேமராவுக்கு மேலே அக்காவின் இன்னொரு கண்ணைப் பார்த்தேன். திறந்திருந்தது. என்னைத்தான் பார்த்துக்கொண்டிருந்தது.

நான் கையைத் தூக்கி நீட்டினேன். உள்ளங்கை அவர் பக்கம்.

விளக்கு அணைந்தது. அக்கா தலையை நிமிர்த்தி, கேமராவிலிருந்து கையை எடுத்துவிட்டு நின்றார். கிணற்றுக் கயிறு காற்றில் ஆடுகிற சத்தம் கேட்டது.

கையை இறக்கினேன். துப்பட்டாவைச் சரிசெய்துகொண்டேன். "இப்ப எடுங்கக்கா" என்றேன்.